பழைய பிஎஸ்பியில் அதைவிடப் பழைய கேம்கள்: பரணிலிருந்து இறக்குவது முதல் விளையாடுவது வரை

போன பொங்கலுக்கு வெள்ளையடிக்கப் பரணை ஒதுக்கியபோது, பாளையங்கோட்டை வீட்டில் ஓர் அட்டைப்பெட்டி கிடைத்தது. 2010-இல் சித்தப்பா துபாயிலிருந்து வாங்கிவந்த பிஎஸ்பி 3000, அதாவது சோனியின் கையடக்க கேம் கருவி, உள்ளே இருந்தது. அக்கா மகன் அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, "மாமா, இதுல டச் வேலை செய்யலியே" என்றான். அவனுக்கு அன்று சொல்லிக்கொடுக்கத் தொடங்கியதுதான் இப்போது இந்த வழிகாட்டியாக எழுதப்படுகிறது. கம்ப்யூட்டரில் ஃபைல் காப்பி செய்யத் தெரிந்த யாருக்கும் இது போதும். ஒரு சனிக்கிழமை மதியத்தை ஒதுக்குங்கள். அவசரப்பட்டால் இரண்டு சனிக்கிழமை ஆகும்.

முதலில் ஒன்றைச் சொல்லிவிடுகிறேன். தொண்ணூறுகளில் டவுன் ரதவீதிக் கடைகளில் டிவி கேம் வாங்கியவர்களுக்கு 'ஒன்பது லட்சத்துச் சொச்சம் இன் 1' கேசட் நினைவிருக்கும். மெனுவில் எண்கள் ஓடிக்கொண்டே இருக்கும். உள்ளே இருப்பதோ ஏழெட்டு கேம், மீதியெல்லாம் அதே கேமின் வேறு வேறு லெவல். இன்று பிஎஸ்பியில் ஆயிரக்கணக்கான கேம்களை நிஜமாகவே அடைக்க முடியும். அப்படி அடைத்தவர்கள் எவரும் ஒன்றைக்கூட முடித்து நான் பார்த்ததில்லை. பட்டியலை மேலும் கீழும் உருட்டிவிட்டு அணைத்துவிடுவார்கள். எனவே இந்த வழிகாட்டி முழுவதும் பத்து கேம் கணக்கில்தான் போகும்.

எந்த மாடல்

பிஎஸ்பி ஜப்பானில் 2004 டிசம்பரில் வந்தது. 4.3 அங்குலத் திரை, 480-க்கு 272 புள்ளி, அதிகபட்சம் 333 மெகாஹெர்ட்ஸில் ஓடும் சிபியூ. முதலில் வந்த 1000 மாடல் பேட்டரியோடு 280 கிராம், கையில் செங்கல் மாதிரி இருக்கும். 2007-இல் வந்த 2000 மாடல் 189 கிராம்தான். அதைவிட முக்கியம், 1000-இல் 32 எம்பியாக இருந்த ரேம் 2000-இலிருந்து 64 எம்பி ஆனது. பழைய கேம்களுக்கு 32 எம்பியே தாராளம் என்று தோன்றும், ஆனால் நிண்டெண்டோவின் பழைய கைக்கருவியான கேம்பாய் அட்வான்ஸ் பக்கம் வரும்போது அந்த வித்தியாசம் தெரியும்.

பரணில் எது கிடைத்தாலும் அதுவே போதும். புதிதாக, அதாவது பழையதாக, வாங்குவதென்றால் 2000 அல்லது 3000 பாருங்கள். பிஎஸ்பி கோ அழகான கருவிதான், ஆனால் அதற்கு வேறு வகை கார்டு வேண்டும், டிஸ்க் போடவும் முடியாது. ஸ்ட்ரீட் என்ற இ1000 மாடலில் வைஃபையும் இல்லை, ஸ்பீக்கரும் ஒன்றுதான்.

உங்களிடம் பிஎஸ்பி டிஸ்க் எதுவும் இல்லையென்றால், கடையில் பார்க்கும்போது டிஸ்க் ஓடுகிறதா என்று நேரத்தை வீணாக்காதீர்கள், நமக்கு அது தேவைப்படாது. திசை பட்டன் நான்கையும் அழுத்திப் பாருங்கள். குறிப்பாக மூலைவாக்கில், மேலும் வலதும் சேர்த்து. காண்ட்ரா கேமில் சாய்வாகச் சுடுவதே அந்த மூலையில்தான். மெமரி கார்டு ஓட்டையில் கார்டைப் போட்டு எடுத்துப் பாருங்கள். அனலாக் குமிழைச் சுற்றிவிட்டுக் கையை எடுத்தால் அது நடுவுக்கு வரவேண்டும். கருவியைத் தரையில் மல்லாக்க வைத்து, பின்பக்கப் பேட்டரி மூடி சமமாக இருக்கிறதா என்றும் பாருங்கள்.

பேட்டரி

அந்த மூடி துருத்திக்கொண்டிருந்தால் பேட்டரி உப்பியிருக்கிறது என்று அர்த்தம். எங்கள் பெட்டியில் இருந்ததும் அப்படித்தான். ஜங்ஷன் பக்கம் செல்போன் பழுது பார்க்கும் அண்ணாச்சியிடம் கொண்டுபோனேன். கையில் வாங்கிய வேகத்தில் மேசையின் ஓரத்துக்குத் தள்ளி வைத்தார். "தம்பி, இத சார்ஜ் போட்டுறாத. வீட்டுல பிள்ளைய இருக்குல்லா?" அவ்வளவுதான் சொன்னார். உப்பிய லித்தியம் பேட்டரியைக் குத்தக்கூடாது, அமுக்கக்கூடாது, குப்பைத்தொட்டியில் எறியவும் கூடாது. மின்கழிவு எடுப்பவரிடம் கொடுத்துவிடுங்கள்.

பேட்டரியே இல்லாமல் சார்ஜரை மட்டும் செருகியும் பிஎஸ்பி ஓடும். அதனால் கருவி உயிரோடு இருக்கிறதா என்று பார்க்கப் புதுப் பேட்டரிக்காகக் காத்திருக்க வேண்டியதில்லை. சார்ஜர் 5 வோல்ட். பழைய பெட்டியில் கிடக்கும் 9 வோல்ட், 12 வோல்ட் அடாப்டர்களின் முனை எப்படியோ பொருந்திவிட்டால் சந்தோஷப்பட்டுச் செருகிவிடாதீர்கள், சர்க்யூட் பலகை போய்விடும். 2000, 3000 மாடல்களில் யூஎஸ்பி கேபிள் வழியாகவும் சார்ஜ் ஏற்றலாம், செட்டிங்கில் அதை ஆன் செய்ய வேண்டும், அவ்வளவுதான்.

புதுப் பேட்டரியின் மேல் அச்சடித்திருக்கும் எண்ணை அப்படியே நம்பாதீர்கள். 2000, 3000 மாடல்களுக்கு அசல் பேட்டரி 1200 எம்ஏஎச். அதே அளவுள்ள ஒன்றில் 3600 என்று அச்சடித்திருந்தால் அச்சடித்தவரின் கைவண்ணத்தைத்தான் பாராட்ட வேண்டும்.

கார்டு

பிஎஸ்பி கேட்பது மெமரி ஸ்டிக் ப்ரோ டுவோ என்ற சோனியின் சொந்த வகை. அது இப்போது சுலபத்தில் கிடைப்பதில்லை, கிடைத்தாலும் பாதி போலி. மைக்ரோ எஸ்டி கார்டைப் போடுகிற அடாப்டர் ஒன்று வாங்கிவிடுங்கள். விலை அதிகமில்லை. ஒரு கார்டு போடும் அடாப்டர், இரண்டு கார்டு போடும் அடாப்டர் என்று இரண்டு வகை உண்டு. ஒன்று போதும். இரட்டை அடாப்டரில் தகவல் இரண்டு கார்டிலும் பிரித்து எழுதப்படுவதால் ஒன்று போனால் இரண்டும் போன கணக்கு.

32 ஜிபி கார்டு ஏராளம். ஒரு பழைய டிவி கேம் கேசட்டின் ரோம், அதாவது கேசட்டுக்குள் இருக்கும் கேமின் ஃபைல் நகல், பெரும்பாலும் 40 கேபியிலிருந்து சில நூறு கேபி வரை. சேகாவின் மெகா டிரைவ் கேம் பெரும்பாலும் 4 எம்பிக்குள். கேம்பாய் அட்வான்ஸ் அதிகபட்சம் 32 எம்பி. பிளேஸ்டேஷன் ஒன்றுக்குப் போனால்தான் நூற்றுக்கணக்கான எம்பி ஆகும்.

வாங்கிய கார்டைச் சோதிக்காமல் போடாதீர்கள். அட்டையில் 64 என்று இருக்கும், உள்ளே நிஜமாக 8 இருக்கும். காப்பி ஆகும்போது எல்லாம் சரியாகப் போவது போலவே தோன்றும், விளையாடும்போது பாதி கேம் திறக்காது. எனக்கு இது நடந்தது. பழைய கேமைப் பிஎஸ்பியில் ஓட்டும் மென்பொருளான எமுலேட்டரை இரண்டு நாள் திட்டிக்கொண்டிருந்தேன், பிழை கார்டில். விண்டோஸில் எச்2டெஸ்ட்டபிள்யூ, லினக்ஸிலும் மேக்கிலும் எஃப்3 என்ற இலவச மென்பொருள்கள் கார்டு முழுக்க எழுதி, திரும்பப் படித்து, உண்மையான கொள்ளளவைச் சொல்லிவிடும். ஓரிரு மணி நேரம் ஆகும், ஆகட்டும்.

சோதித்த கார்டைப் பிஎஸ்பியில் போட்டு, சிஸ்டம் செட்டிங்ஸில் போய் அங்கேயே ஃபார்மட் செய்யுங்கள். கம்ப்யூட்டரில் செய்யாதீர்கள். 32 ஜிபிக்கு மேற்பட்ட கார்டுகள் எக்ஸ்ஃபாட் வடிவில் வரும், பிஎஸ்பிக்கு அது புரியாது, ஃபாட்32 தான் புரியும். ஃபார்மட் செய்த கார்டில் பிஎஸ்பி என்று ஒரு ஃபோல்டர் இருக்கும். அதற்குள் கேம் என்று ஒன்றும் சேவ்டேட்டா என்று ஒன்றும் வேண்டும், இல்லையென்றால் நீங்களே உருவாக்கிக்கொள்ளுங்கள். ஆங்கிலப் பெரிய எழுத்தில்தான் இந்தப் பெயர்கள் இருக்க வேண்டும்.

கம்ப்யூட்டர் இல்லாதவர்கள் மைக்ரோ எஸ்டியை ஆண்ட்ராய்டு போனில் போட்டே எல்லாவற்றையும் செய்யலாம். போன் ஃபார்மட் செய்யவா என்று கேட்டால் மட்டும் வேண்டாம் என்று சொல்லிவிடுங்கள்.

6.61

செட்டிங்ஸ், சிஸ்டம் செட்டிங்ஸ், சிஸ்டம் இன்ஃபர்மேஷன் என்ற வரிசையில் போனால் கருவியில் இப்போது சோனி மென்பொருளின் எந்தப் பதிப்பு இருக்கிறது என்று தெரியும். சோனி வெளியிட்ட கடைசிப் பதிப்பு 6.61. அதற்குக் கீழே இருந்தால் முதலில் அதற்கு ஏற்றிக்கொள்ளுங்கள். அப்டேட் ஃபைலின் பெயர் ஈபூட், நீட்சி பிபிபி. கேம் ஃபோல்டருக்குள் அப்டேட் என்று ஒரு ஃபோல்டர் உருவாக்கி அதில் இதைப் போட வேண்டும். பிறகு கருவியில் கேம், மெமரி ஸ்டிக் என்று போய் ஓட்ட வேண்டும். பேட்டரியில் போதிய சார்ஜ் இல்லாவிட்டால் அப்டேட் தொடங்கவே தொடங்காது.

இங்கே ஓர் உள்ளூர் எச்சரிக்கை. அப்டேட் பாதியில் நின்றால் கருவி செத்துப்போகும் வாய்ப்பு உண்டு. பேட்டரி நன்றாக இருந்தால் கரண்ட் போனாலும் அது தாங்கிக்கொள்ளும். பேட்டரி கிழமாக இருந்தால் தாங்காது. ஆகவே நாளைக்கு உங்கள் பகுதியில் மாதாந்திரப் பராமரிப்புக்காக மின்தடை என்று பேப்பரில் போட்டிருக்கிறதா என்று பார்த்துவிட்டு உட்காருங்கள். நான் விளையாட்டுக்குச் சொல்லவில்லை. அப்டேட் பட்டை பாதியில் நிற்கும்போது மேலே ஃபேன் நின்றால் வயிற்றைக் கலக்கும்.

பூட்டைத் திறப்பது

சோனி கையெழுத்திட்ட மென்பொருளை மட்டும்தான் பிஎஸ்பி ஓட்டும். எமுலேட்டர்களில் அந்தக் கையெழுத்து கிடையாது. அந்தக் காவலைத் தளர்த்துவதுதான் கஸ்டம் ஃபர்ம்வேரின் வேலை. 2007 வாக்கில் பண்டோரா பேட்டரி என்று ஒன்று செய்து, அதைச் செருகித்தான் பல கருவிகளைத் திறந்தார்கள். இப்போது அந்தப் பாடு இல்லை. ஆர்க்-4 என்ற திறந்த மூல கஸ்டம் ஃபர்ம்வேரைப் பரிந்துரைக்கிறேன். புரோ, எம்இ என்று பழையவையும் உண்டு, நன்றாகவே ஓடும், ஆனால் இன்றும் கவனிப்பில் இருப்பது ஆர்க்தான்.

தொகுப்பைப் பிரித்தால் இரண்டு ஃபோல்டர்கள் முக்கியம். ஆர்க் என்று தொடங்கி 01234 என்று முடிவதை சேவ்டேட்டாவுக்குள் போடுங்கள். ஆர்க் லோடர் என்றிருப்பதை கேம் ஃபோல்டருக்குள் போடுங்கள். கருவியில் கேம், மெமரி ஸ்டிக் போய் லோடரை ஓட்டினால் திரை ஒரு கணம் கறுத்துவிட்டுத் திரும்ப மெனு வரும். சிஸ்டம் இன்ஃபர்மேஷனில் பதிப்பு எண்ணோடு ஆர்க் என்ற பெயர் தெரிந்தால் வேலை முடிந்தது.

இது தற்காலிகம். முழுவதும் அணைத்துவிட்டு ஆன் செய்தால் பழைய நிலைக்குத் திரும்பும், லோடரை மறுபடி ஓட்ட வேண்டும். ஆனால் பவர் சுவிட்சை ஒரு தடவை மேலே தட்டிவிட்டால் கருவி தூங்கும், அணையாது. எழுப்பினால் ஆர்க் அப்படியே இருக்கும். பிடித்தபடியே வைத்திருந்தால்தான் அணையும். எனவே நடைமுறையில், பேட்டரி காலியானால் மட்டுமே லோடரைத் திரும்ப ஓட்ட வேண்டியிருக்கும்.

நிரந்தரமாக்கவும் வழி உண்டு. இன்ஃபினிட்டி என்ற முறையோ, ஆர்க்கோடு வரும் நிறுவியோ கருவியின் உள் நினைவகத்தில் எழுதும். அதில் தப்பு நடந்தால் கருவி எழாமல் போகலாம். முதல் மூன்று மாதம் அந்தப் பக்கம் போகாதீர்கள் என்பது என் கருத்து. தற்காலிக முறையில் எது கெட்டாலும் கார்டை அழித்துவிட்டுத் திரும்பத் தொடங்கலாம். அந்த நிம்மதிக்காக ஒரு தடவை லோடரை அழுத்துவது பெரிய விஷயமே இல்லை.

இன்னொன்று. எமுலேட்டரைத் திறக்கும்போது 80020148 என்ற எண்ணோடு பிழைச் செய்தி வந்தால் பயப்பட வேண்டாம். ஆர்க் ஓடவில்லை என்றுதான் பொருள். லோடரை ஓட்டிவிட்டுத் திரும்பவும் திறங்கள்.

எமுலேட்டர் என்ன செய்கிறது

கும்பினிக் காலத்தில் வெள்ளைக்காரனுக்கும் ஊர்க்காரனுக்கும் நடுவில் துபாஷி நின்றான் அல்லவா, எமுலேட்டரும் அதுதான். பழைய கேசட் 6502 வகைச் சிபியூவின் மொழியில் பேசும், பிஎஸ்பியின் சிபியூவுக்குத் தெரிந்தது மிப்ஸ். ஒவ்வொரு கட்டளையையும் துபாஷி கேட்டு, புரிந்து, மொழிபெயர்த்துச் சொல்ல வேண்டும். ஒரு கட்டளைக்குப் பதிலாகப் பத்து இருபது கட்டளை செலவாகும். பழைய டிவி கேமின் சிபியூ 1.79 மெகாஹெர்ட்ஸ், இதுவோ 333 வரை ஓடும். அதனால் சமாளித்துவிடும்.

கேம்பாய் அட்வான்ஸின் சிபியூ 16.78 மெகாஹெர்ட்ஸ். அங்கே வார்த்தைக்கு வார்த்தை மொழிபெயர்த்தால் கட்டாது. ஜிபிஎஸ்பி என்ற எமுலேட்டர் ஒரு பகுதியை ஒருமுறை மொழிபெயர்த்து எழுதி வைத்துக்கொண்டு, அடுத்த தடவை அதையே வாசிக்கும். கெட்டிக்காரத் துபாஷி.

பிளேஸ்டேஷன் ஒன்றின் கதை வேறு. அதன் சிபியூவும் மிப்ஸ் குடும்பம்தான், சுமார் 34 மெகாஹெர்ட்ஸ். திருநெல்வேலிக்காரனும் நாகர்கோவில்காரனும் பேசிக்கொள்வது மாதிரி, இழுவை மாறுமே தவிர துபாஷி வேண்டியதில்லை. சோனியே தன் பிஎஸ்பிக்குள் பாப்ஸ் என்ற பெயரில் அதற்கான எமுலேட்டரை வைத்துவிட்டது. நாம் தனியாக எதையும் போட வேண்டாம். அப்படியானால் நிண்டெண்டோ 64-உம் மிப்ஸ்தானே என்று கேட்பீர்கள். ஆமாம், ஆனால் அது 93.75 மெகாஹெர்ட்ஸ், அதன் கிராபிக்ஸ் சிப் வேறு தனி ரகம். டெடலஸ் என்ற எமுலேட்டர் இருக்கிறது. ஓரிரு கேம்கள் நடக்கும், மீதி நொண்டும். நான் அழித்துவிட்டேன்.

எதற்கு எது

டிவி கேம் கேசட்டுகளுக்கு, அதாவது என்இஎஸ்ஸுக்கு, நெஸ்டர்ஜே. கேம்பாய், கேம்பாய் கலருக்கு மாஸ்டர்பாய், அதுவே சேகா மாஸ்டர் சிஸ்டத்தையும் ஓட்டும். மெகா டிரைவுக்குப் பிக்கோடிரைவ். சூப்பர் நிண்டெண்டோவுக்கு ஸ்நெஸ்9எக்ஸ் டிஒய்எல், அதில் பிஎஸ்பியின் இரண்டாவது சிபியூவையும் வேலை வாங்கும் பதிப்பை எடுங்கள். அப்படியும் கேசட்டுக்குள்ளேயே கூடுதல் சிப் வைத்து வந்த கேம்கள், உதாரணத்துக்கு சூப்பர் எஃப்எக்ஸ் சிப் போட்ட ஸ்டார் ஃபாக்ஸ், திணறும். கேம்பாய் அட்வான்ஸுக்கு மேலே சொன்ன ஜிபிஎஸ்பி அல்லது அதிலிருந்து கிளைத்த டெம்ப்ஜிபிஏ.

ஒவ்வொன்றும் கேம் ஃபோல்டருக்குள் தனித்தனி ஃபோல்டராகப் போக வேண்டும், உள்ளே ஈபூட் ஃபைல் இருக்க வேண்டும். அடிக்கடி நடக்கும் தப்பு: ஜிப்பைப் பிரிக்கும்போது ஃபோல்டருக்குள் இன்னொரு ஃபோல்டர் உருவாகி, ஈபூட் இரண்டு படி உள்ளே போய்விடும். மெனுவில் எதுவும் தெரியாது. ஈபூட்டின் பெயரையும் மாற்றாதீர்கள், ஃபோல்டர் பெயரை எப்படி வேண்டுமானாலும் வைத்துக்கொள்ளலாம். ரோம்கள் அந்தந்த எமுலேட்டரின் ரோம்ஸ் ஃபோல்டருக்குள் போகும்.

ஜிபிஎஸ்பிக்கு மட்டும் கூடுதலாக அசல் கருவியைத் தொடங்கிவைக்கும் நிரலான, 16 கேபி அளவுள்ள பயாஸ் ஃபைல் ஒன்று வேண்டும், அது ஈபூட் பக்கத்திலேயே இருக்க வேண்டும். திறந்த மூல மாற்று ஒன்றும் உண்டு, பல கேம்கள் அதோடும் ஓடும். ரேம் வித்தியாசம் இங்கேதான் வருகிறது. 1000 மாடலில் பெரிய ரோம் முழுதாக ரேமில் அடங்காது. எமுலேட்டர் துண்டு துண்டாகக் கார்டிலிருந்து எடுக்கும்போது அங்கங்கே ஒரு கண் சிமிட்டல் போலத் தடங்கும்.

கேம் எங்கிருந்து

இதை எல்லோரும் மெதுவான குரலில்தான் பேசுகிறார்கள். எமுலேட்டர் எழுதுவதோ வைத்திருப்பதோ தவறில்லை. கேம் வேறு. இந்தியப் பதிப்புரிமைச் சட்டம் 1957-இன் 52(1)(ஏஏ) பிரிவு, ஒரு கணினி நிரலைச் சட்டப்படி கையில் வைத்திருப்பவர் அது தொலைந்தாலோ கெட்டாலோ என்பதற்காகக் காப்புப் பிரதி எடுக்க அனுமதிக்கிறது. 2012 திருத்தத்தில் வந்த 65ஏ, உரிமையை மீறும் நோக்கத்தோடு பூட்டை உடைப்பதைத் தண்டனைக்குரியதாக்குகிறது. ஊரெல்லாம் பகிர்ந்து கிடக்கும் ரோம் மூட்டை இந்தக் காப்புப் பிரதிக் கணக்கில் வராது.

உங்களிடம் பிஎஸ்பி டிஸ்க் இருந்தால் வழி சுலபம். மெயின் மெனுவில் செலக்ட் பட்டனை அழுத்தினால் ஆர்க்கின் சிறு மெனு வரும். அதில் யூஎஸ்பி டிவைஸ் என்பதை டிஸ்க் என்று மாற்றிக் கம்ப்யூட்டரில் செருகினால், டிஸ்க் ஒரே ஐஎஸ்ஓ ஃபைலாகத் தெரியும். காப்பி செய்து, கார்டில் ஐஎஸ்ஓ என்ற ஃபோல்டரில் போடுங்கள். அதிகபட்சம் 1.8 ஜிபி. டிஸ்க் சுழலாததால் பேட்டரியும் மிச்சம்.

பழைய பிளேஸ்டேஷன் சிடி வைத்திருப்பவர்கள் கம்ப்யூட்டரில் பின் (BIN), கியூ (CUE) என்ற ஃபைல் வடிவில் நகலெடுத்து, பிஎஸ்எக்ஸ்2பிஎஸ்பி என்ற மென்பொருளில் ஈபூட் ஆக மாற்ற வேண்டும். நான்கு சிடி கேமாக இருந்தால் எல்லாவற்றையும் ஒரே ஃபைலில் சேர்க்கலாம். அது பெயரிடும் ஃபோல்டரை அப்படியே கேம் ஃபோல்டருக்குள் போட்டால் போதும். பிளேஸ்டேஷனில் தோள் பட்டன் நான்கு, பிஎஸ்பியில் இரண்டு. விளையாடும்போது ஹோம் அழுத்தி, கன்ட்ரோலர் அமைப்பில் அனலாக் குமிழுக்கு அந்த இரண்டைக் கொடுக்கலாம்.

ஒன்றுமே இல்லாதவர்களுக்கு ஆசிரியர்களே இலவசமாகக் கொடுத்தவை இருக்கின்றன. கேம்பாய்க்கு டோபு டோபு கேர்ள், கேம்பாய் அட்வான்ஸுக்கு அங்குனா. ஒரே ஆள் உருவாக்கி 2004-இல் இலவசமாக வெளியிட்ட கேவ் ஸ்டோரிக்குப் பிஎஸ்பி வடிவமே உண்டு. மருமகனுக்கு நான் முதலில் போட்டுக் கொடுத்தது அதைத்தான். காண்ட்ராவைவிட அவனுக்கு அதுதான் பிடித்திருக்கிறது. எனக்குக் கொஞ்சம் வருத்தம்தான்.

திரையும் வேகமும்

முதல் தடவை திறந்ததும் படம் திரை முழுக்க இழுத்து வைக்கப்பட்டிருக்கும், மாரியோ ஊதிப்போய்த் தெரிவார். பழைய டிவி நாலுக்கு மூன்று, பிஎஸ்பி பதினாறுக்கு ஒன்பது. எமுலேட்டரின் வீடியோ அமைப்பில் போய் 4:3 என்று மாற்றுங்கள். இரண்டு பக்கமும் கறுப்புப் பட்டை வரும், வரட்டும். என்இஎஸ்ஸின் 240 வரி 272-க்குள் அப்படியே அடங்கும் என்பதால், பெரிதாக்காமல் 1:1 வைத்தால் புள்ளி புள்ளியாகத் துல்லியம், ஆனால் படம் சிறிது. கேம்பாய் அட்வான்ஸ் 240-க்கு 160. இரண்டு மடங்காக்கினால் உயரம் 320 ஆகித் திரையைத் தாண்டிவிடும். ஒன்றரை மடங்கு, அதாவது 360-க்கு 240, கண்ணுக்கு உறுத்தாது. புள்ளிகளின் ஓரத்தை மழுப்பும் ஸ்மூத்திங் வேண்டுமா வேண்டாமா என்பது காபியா டீயா என்பது மாதிரி. நான் போட்டுக்கொள்வேன்.

இப்போது ஒரு விசித்திரம். நம்மில் பலர் விளையாடிய சாமுராய், மீடியா, லிட்டில் மாஸ்டர் பெட்டிகள் நம் ஊர் டிவியின் பால் (PAL) என்ற ஒளிபரப்பு முறைக்காக, நொடிக்கு 50 படம் என்று ஓடியவை. ரோம்கள் பெரும்பாலும் அமெரிக்க, ஜப்பானியப் பதிப்பு, நொடிக்கு 60. ஆகவே காண்ட்ரா இப்போது ஐந்தில் ஒரு பங்கு கூடுதல் வேகத்தில் பாயும், பாட்டும் வேகமாகக் கேட்கும். வயசாகிவிட்டதால் கை மந்தம் என்று நான் ஒரு வாரம் நம்பிக்கொண்டிருந்தேன். பிக்கோடிரைவ் போன்றவற்றில் பால் என்று மாற்றும் வசதி இருக்கிறது, மாற்றிப் பாருங்கள். காண்ட்ராவில் மேல் மேல், கீழ் கீழ், இடது வலது, இடது வலது, பி, ஏ, ஸ்டார்ட் இன்றும் முப்பது உயிர் தரும்.

சிபியூ வேகத்தை எப்போதும் 333-இல் வைக்காதீர்கள். கேம்பாய்க்கும் என்இஎஸ்ஸுக்கும் 222 போதும், பேட்டரி நீடிக்கும். சூப்பர் நிண்டெண்டோ, கேம்பாய் அட்வான்ஸ் என்றால் மட்டும் 333. பெரும்பாலும் அந்தந்த எமுலேட்டரின் மெனுவிலேயே இதை மாற்றலாம். செங்கோட்டை பாசஞ்சரில் ஏறி, சேரன்மகாதேவி, கல்லிடைக்குறிச்சி, அம்பாசமுத்திரம் தாண்டித் தென்காசி வரை போய் வந்தாலும் நல்ல பேட்டரியில் சார்ஜ் மிச்சமிருக்கும். குற்றாலத்தில் இறங்கியதும் பையில் பிளாஸ்டிக் உறைக்குள் வைத்துவிடுங்கள். சாரல் உங்களுக்குச் சுகம், பட்டன் ஓட்டைகளுக்கு இல்லை.

சேவ்

இரண்டு விதமான சேவ் உண்டு. கேமுக்குள்ளேயே கேம் கேட்கிற சேவ் ஒன்று, எமுலேட்டர் அந்த நொடியை அப்படியே உறையவைக்கும் ஸ்டேட் சேவ் இன்னொன்று. இரண்டாவது ருசியானது, பழகினால் விடாது. ஆனால் எமுலேட்டரின் பதிப்பை மாற்றினால் பழைய ஸ்டேட் திறக்காமல் போகலாம். கேமின் சொந்த சேவ்தான் நாளைக்கும் இருக்கும். இரண்டையும் செய்யுங்கள்.

மருமகன் மூன்று நாள் விளையாடிய ஒரு கேம் ஒரே நொடியில் போனது. கேமுக்குள் சேவ் செய்தான், உடனே அக்கா சாப்பிடக் கூப்பிட, பவர் சுவிட்சைப் பிடித்து அணைத்துவிட்டான். எமுலேட்டர் அந்த சேவை இன்னும் கார்டில் எழுதியிருக்கவில்லை. "மாமா, நான் சேவ் பண்ணேன் மாமா" என்று அழுகிற குரலில் சொன்னான். செய்திருந்தான், உண்மைதான். அதனால் இந்த வரிசையைப் பழக்கிக்கொள்ளுங்கள்: கேமில் சேவ், பிறகு எமுலேட்டர் மெனுவுக்கு வருதல், ஆரஞ்சு விளக்கு மினுங்கி நிற்கும் வரை பொறுத்தல், அப்புறம் எமுலேட்டரிலிருந்து முறையாக வெளியேறுதல். அந்த ஆரஞ்சு விளக்கு மினுங்கும்போது கார்டை உருவுவதும் கூடாது.

சில்லறைச் சிக்கல்கள்

மெனுவில் கரப்டட் டேட்டா என்று ஒரு படம் தெரிந்தால், காப்பி பாதியில் நின்றிருக்கும் அல்லது கார்டு போலி. அழித்துவிட்டு மறுபடி காப்பி செய்யுங்கள், திரும்ப வந்தால் கார்டைச் சந்தேகியுங்கள். அனலாக் குமிழ் ஒரு பக்கமாகவே இழுத்தால் ஐசோபுரோப்பைல் ஆல்கஹால் ஒரு சொட்டு விட்டுச் சுற்றிப் பாருங்கள். பாதி நேரம் சரியாகிவிடும், மீதி நேரம் குமிழையே மாற்ற வேண்டும். அல்வா சாப்பிட்ட கையோடு தொடவே கூடாது. அந்த நெய் குமிழுக்கடியில் போய் மண்ணோடு சேர்ந்து உட்கார்ந்தால் ஆல்கஹாலுக்கும் அசையாது. அனுபவத்தில் சொல்கிறேன்.

சில மாதம் தொடப் போவதில்லை என்றால் பேட்டரியைப் பாதி சார்ஜில் கழற்றித் தனியாக வையுங்கள். எங்கள் பழைய பேட்டரி உப்பியது பரண் சூட்டில் கருவிக்குள்ளேயே பதினைந்து வருஷம் கிடந்ததால்தான் என்று நினைக்கிறேன்.

கார்டு எப்போது வேண்டுமானாலும் போகலாம். கேமைத் திரும்பப் போட்டுக்கொள்ளலாம், சேவ் திரும்ப வராது. சேவ்டேட்டா ஃபோல்டரையும், ஒவ்வொரு எமுலேட்டருக்குள்ளும் சேவ் என்றிருக்கும் ஃபோல்டரையும் கம்ப்யூட்டரில் ஒரு பிரதி எடுத்து வையுங்கள். நான் மாதத்துக்கு ஒருமுறை, பராமரிப்பு மின்தடை நாளுக்கு முந்தின இரவு எடுக்கிறேன். மறுநாள் கரண்ட் இல்லாத நேரத்தில் எப்படியும் மருமகன் இதைத்தான் கேட்பான்.